வீரா: கசங்கின கோட்டு, பழைய தொப்பி, ஒரு கப் டீ. பெரம்பூர்ல இருந்து ஒரு ரிவ்யூ

மொதல்லயே சொல்லிடறேன், விறுவிறுன்னு ஓடற த்ரில்லர் வேணும்னு வீராங்கற இந்த பிரிட்டிஷ் போலீஸ் சீரியலைப் போட்டீங்கன்னா இருபதாவது நிமிஷம் போனை எடுத்து நோண்ட ஆரம்பிச்சிடுவீங்க. துப்பாக்கிச் சத்தம் கிடையாது, அந்த ஊர்ல சாதா போலீஸ் துப்பாக்கியே வெச்சுக்கறதில்ல. ஹீரோயின் ஸ்லோமோஷன்ல நடந்து வர மாட்டாங்க, வேகமா நடந்தாலே மூச்சு வாங்கும் அவங்களுக்கு. ஆனா ஒரு மனுஷி எதிர்ல உக்காந்திருக்கறவன் வாயில இருந்து உண்மையை எப்படி உருவி எடுக்கறாங்கன்னு பாக்கறதுல உங்களுக்கு ஆர்வம் இருந்தா, இந்த சீரியல் மாதிரி ஒண்ணு நான் இதுவரைக்கும் பாத்ததில்ல.

விவரம் வேணுங்கறவங்களுக்கு: ஐடிவிங்கற சேனல்ல 2011 மே மாசம் ஆரம்பிச்சு 2025 ஜனவரில முடிஞ்சது, மொத்தம் 14 சீசன். ஒரு எபிசோட் கிட்டத்தட்ட ஒன்றரை மணி நேரம், அதாவது ஒவ்வொண்ணும் ஒரு குட்டி சினிமா, ஒரு கொலை, அந்த எபிசோட்லயே முடிவு, அடுத்த வாரம் வரைக்கும் நகத்தைக் கடிச்சுக்கிட்டு காத்திருக்க வேண்டாம். ஆன் கிளீவ்ஸ்ங்கற எழுத்தாளரோட நாவல்கள்ல இருந்து வந்த கேரக்டர், நார்தம்பர்லாந்துங்கற வட இங்கிலாந்து ஏரியா, ஸ்காட்லாந்து எல்லையை ஒட்டி இருக்கு. டிடெக்டிவ் சீஃப் இன்ஸ்பெக்டர் வீரா ஸ்டான்ஹோப்பா நடிச்சவங்க பிரெண்டா பிளெத்தின், 1996ல கான் விழால சிறந்த நடிகை வாங்கினவங்க, ஆஸ்கர் நாமினேஷன் வரைக்கும் போனவங்க, அப்படிப்பட்ட நடிகை வயசானதுக்கப்புறம் டிவிக்கு வந்து ஒரே கேரக்டரை இத்தனை வருஷம் பண்ணிருக்காங்க.

வயசுன்னு சொன்னேன் இல்ல, அதை கொஞ்சம் சொல்லணும். பிளெத்தின் 1946ல பொறந்தவங்க. சீரியல் ஆரம்பிக்கும்போது 65, முடியும்போது 78. நம்ம தமிழ்நாட்டுல கவர்மென்ட் உத்தியோகத்துல 2021ல இருந்து 60 வயசு ஆனா மாலை போட்டு வீட்டுக்கு அனுப்பிடறாங்க. இங்க 78 வயசுல ஒரு அம்மா சேத்துல இறங்கி பாடி பாத்துட்டு லேண்ட் ரோவர்ல ஏறிப் போறாங்க, சீரியல்ல யாரும் அதைப் பத்தி ஒரு வார்த்தை கேக்கறதில்ல. லாஜிக் இடிக்கும்தான். ஆனா நம்ம ஹீரோங்க எந்த வயசுல காலேஜ் படிச்சாங்கன்னு நாம கேட்டிருக்கோமா, இந்த அம்மாவை மட்டும் எதுக்கு கேக்கணும்.

பாக்க எப்படி இருப்பாங்கன்னா, கலர் போன ரெயின்கோட், கழுத்துல ஒரு ஸ்கார்ஃப், தலைல ஓரம் மடங்கின ஒரு தொப்பி, முடி எப்பவுமே கலைஞ்சு. மேக்கப் இருக்கற மாதிரியே தெரியாது. புருஷன் கிடையாது, புள்ளை கிடையாது, தனியா ஒரு பழைய வீடு, வீடு பூரா குப்பை, ராத்திரி ஆனா கையில ஒரு கிளாஸ் விஸ்கி. இந்த மாதிரி ஒரு பொம்பளை கேரக்டர் நம்ம சீரியல்ல வந்தா ஒண்ணு வில்லியா இருப்பாங்க, இல்ல பாவப்பட்ட ஜென்மமா பின்னணில வயலின் வாசிப்பாங்க. இங்க ரெண்டும் இல்ல. அவங்க தனியா இருக்காங்க, அவ்வளவுதான், சில நாள் அது கஷ்டமா இருக்கு, பல நாள் அவங்களுக்கு அதைப் பத்தி நெனைக்க நேரமே இல்ல. பதினாலு சீசன்ல எங்கயும் ஒரு மேக்ஓவர் சீன் வெச்சு அந்த கோட்டைக் கழட்டி அழகாக்கிக் காட்டணும்னு தோணாததுக்கே அந்த டீமுக்கு ஒரு கும்பிடு.

இப்ப முக்கியமான விஷயத்துக்கு வரேன், கேள்வி கேக்கற விதம்.

வீரா ஒரு வீட்டுக்குள்ள போறதைப் பாத்தா கல்யாணப் பத்திரிகை வைக்க வந்த தூரத்து சொந்தம் மாதிரி இருக்கும். வந்து உக்காருவாங்க, அப்பாடான்னு ஒரு பெருமூச்சு, ஷெல்ஃப்ல இருக்கற போட்டோவை எடுத்துப் பாப்பாங்க, இது யாரு உங்க மூத்தவனா, எங்க இருக்கான் இப்ப, அப்படியா, ஏன் ரொம்ப நாளா வரலியா. அந்த ரொம்ப நாளா வரலியாங்கறதுலதான் கேஸே இருக்கும். எதிராளி அதுக்கு என்ன பதில் சொன்னாங்கங்கறதை விட பதில் சொல்றதுக்கு முன்னாடி எவ்வளவு நேரம் எடுத்துக்கிட்டாங்கங்கறதை அந்த ரெண்டு கண்ணும் தொப்பிக்கு அடியில இருந்து பாத்துக்கிட்டே இருக்கும். கூப்பிடறதெல்லாம் பெட், லவ்வுனு செல்லமாத்தான் கூப்பிடுவாங்க, கொலைகாரனையும் அப்படியேதான் கூப்பிடுவாங்க. அந்தக் குரல் இருக்கே, ஒரு வரி ஆரம்பிக்கும்போது கொஞ்சற மாதிரி இருக்கும், அதே வரி முடியும்போது கத்தி மாதிரி ஆயிடும், நடுவுல எங்க மாறுச்சுன்னு ரீவைண்ட் பண்ணிப் பாத்தாலும் புடிக்க முடியாது. இதை பிளெத்தின் எப்படிப் பண்றாங்கன்னே தெரியல, சும்மா ஸ்கிரிப்ட் எழுதி வர்ற விஷயம் இல்ல இது.

அவங்க பலமே யாரும் அவங்களை பெருசா எடுத்துக்காததுதான். பெரிய பங்களாக்காரன் ஒருத்தன், கதவைத் திறந்ததும் யாரோ கிழவி வழி கேக்க வந்திருக்குன்னு நெனைப்பான். அந்த நெனைப்பை வீரா திருத்தவே மாட்டாங்க, பத்து நிமிஷம் அப்படியே விட்டு வெப்பாங்க. நம்ம சினிமா போலீஸா இருந்தா உள்ள வரும்போதே ஒரு பேக்ரவுண்ட் மியூசிக், ஒரு பஞ்ச், ஒரு அறை. அறை வாங்கினவன் என்ன சொல்வான், நீங்க என்ன சொல்லச் சொல்றீங்களோ அதைச் சொல்வான். வீராகிட்ட மாட்டினவன் தான் என்ன சொல்லணும்னு முடிவு பண்ணியிருந்தானோ அதை மறந்துட்டு உண்மையைச் சொல்லிடுவான். ரெண்டுத்துக்கும் உள்ள வித்தியாசம் சாதாரணம் இல்ல.

இதுல சட்டமும் இருக்கு, அது தெரிஞ்சா சீரியல் இன்னும் நல்லா புரியும். இந்தியால போலீஸ்கிட்ட கொடுக்கற கன்ஃபெஷனை வெச்சு கோர்ட்ல குற்றத்தை நிரூபிக்க முடியாது, பிரிட்டிஷ்காரன் இங்க நம்ம போலீஸை நம்பாம எழுதின சட்டம் அது, இன்னிக்கும் இருக்கு. ஆனா அவன் ஊர்ல, முறையா எச்சரிக்கை சொல்லி, வக்கீல் பக்கத்துல உக்காந்து, ரெக்கார்டிங் ஓட விட்டு, மிரட்டாம வாங்கின வாக்குமூலம் கோர்ட்ல நிக்கும். அதனாலதான் பல எபிசோட் கடைசில அந்த சின்ன ரூமுக்கு வந்து முடியுது, ஒரு டேபிள், ரெண்டு பக்கமும் சேர், அந்த ரூம்தான் அவங்களுக்கு கிளைமாக்ஸ் ஃபைட். அப்புறம் 1984ல போட்ட சட்டம் ஒண்ணு, சாதாரணமா ஒருத்தரை 24 மணி நேரம்தான் சார்ஜ் பண்ணாம ஸ்டேஷன்ல வெச்சுக்கலாம், அதுக்கு மேலன்னா பெரிய ஆஃபீசர், அப்புறம் மாஜிஸ்ட்ரேட் பர்மிஷன் வேணும், எப்படி இழுத்தாலும் சாதா கேஸ்ல 96 மணி நேரம் தாண்டாது. டீம்ல யாராவது கடிகாரத்தைப் பாத்துட்டு டென்ஷன் ஆனா அதுக்குக் காரணம் இதுதான்.

எங்க பெரியம்மா இதை என்கூட பாப்பாங்க. இங்கிலீஷ் அவ்வளவா வராது, அதுவும் இதுல பேசறது நியூகாசில் பக்கத்து இங்கிலீஷ், சப்டைட்டில் இல்லன்னா எனக்கே பாதி புரியாது. ஆனா அவங்க தாசில்தார் ஆஃபீஸ்ல கவுன்ட்டர்ல உக்காந்து ரிட்டயர் ஆனவங்க, ஜனங்க பொய் சொல்றதைப் பாக்கறதே உத்தியோகமா இருந்தவங்க. திடீர்னு "இவன்தான்டி"ன்னுவாங்க. எப்படி பெரியம்மான்னா, "கேக்காததுக்கெல்லாம் பதில் சொல்றான் பாரு. வருமான சர்டிபிகேட் வாங்க வர்றவன் நாம கேக்கறதுக்கு முன்னாடியே வீட்டுக் கதையை ஆரம்பிச்சான்னா அங்கதான் நிக்கணும்." பாதி தடவை சரியாவும் இருக்கும். ஒரு நாள் நடுவுல கேட்டாங்க, "ஏண்டி, இவளுக்கு வீட்ல யாரு சமைக்கறா?" யாரும் இல்ல பெரியம்மா, அவங்க தனிக்கட்டைன்னேன். "நிம்மதி"ன்னாங்க. அவ்வளவுதான், அடுத்த கேள்வி கொலையைப் பத்தி.

ஊரைப் பத்தி சொல்லாம விட முடியாது, ஏன்னா அந்த ஊரும் ஒரு கேரக்டர். மே மாசத்துல ஜன்னலைச் சாத்தி ஃபேனை அஞ்சுல வெச்சுக்கிட்டு இதைப் பாத்தீங்கன்னா பாதி சுகம் அந்த மழையும் குளிரும்தான். ஆளில்லாத மேடு, காத்துல சாயற புல்லு, சாம்பல் கலர் கடல். வீராவோட வீடா காட்டற இடம் ஹோலி ஐலண்ட் பக்கம், அந்தத் தீவுக்குப் போற ரோடு ஒரு நாளைக்கு ரெண்டு தடவை கடல் ஏறி மூழ்கிடும், டைம் பாத்துத்தான் போகணும் வரணும். இங்கிலாந்துலயே ஜனநெருக்கம் ரொம்பக் கம்மியான கவுண்டி இது, அதனால கொலை நடந்தா சாட்சி சொல்ல ஆள் இருக்காது, ஆனா பக்கத்துப் பண்ணைக்காரன் முப்பது வருஷத்துக்கு முன்னாடி இவனோட அப்பாகூட போட்ட சண்டை எல்லாருக்கும் தெரிஞ்சிருக்கும். கதைங்க எல்லாம் அங்கதான் முளைக்குது.

இன்னொரு பக்கம் டைன் நதிக்கரை, மூடிப்போன கப்பல் பட்டறை, நிலக்கரிச் சுரங்கம் போனதுக்கப்புறம் வேலையில்லாம உக்காந்துட்ட ஊருங்க. இது எனக்கு ரொம்பப் பழக்கமான காட்சி. எங்க ஏரியால பின்னி மில் 1996ல மூடினப்ப எத்தனை வீட்ல ஆம்பளைங்க காலைல எழுந்து போறதுக்கு இடமில்லாம திண்ணைல உக்காந்தாங்கன்னு பெரியம்மா இன்னிக்கும் சொல்வாங்க, அந்த வீட்டுங்கள்ல அதுக்கப்புறம் நடந்த குடி, கடன், சண்டை எல்லாம். வீரால வர்ற கொலைங்கள்ல நெறைய இந்த மாதிரி மூடிப்போன ஒண்ணுக்குப் பின்னால இருந்துதான் வருது. ஒரு துணுக்கு, டைன் நதிக்கரைல ஸ்வான் ஹண்டர்னு ரொம்பப் பேர் போன கப்பல் பட்டறை இருந்தது, அது நொடிச்சப்ப அதோட கிரேன் எல்லாத்தையும் 2007ல வாங்கினது பாரதி ஷிப்யார்டுங்கற இந்தியக் கம்பெனி, பிரிச்சு கப்பல்ல ஏத்தி இங்க கொண்டு வந்தாங்க. அவங்க ஊர் வானத்துல நின்ன கிரேன் நம்ம நாட்டுக்கு வந்திருச்சு, அந்த வெறுமையை அவங்க சீரியலா எடுத்து நமக்கே காட்டறாங்க.

முதல் எபிசோட் பேரு ஹிடன் டெப்த்ஸ். ராத்திரி வெளில போயிட்டு வீட்டுக்கு வர்ற ஒரு அம்மா, பாத்டப்ல செத்துக் கிடக்கற டீன்ஏஜ் பையன், தண்ணி மேல பூ மிதக்குது. இதுக்கு மேல சொல்ல மாட்டேன். நாவல் வரிசைப்படி பாத்தா இது மூணாவது கதை, முதல் நாவல் 1999ல வந்தது, டிவிக்காரங்க வரிசையை மாத்திட்டாங்க, அதனால ஒண்ணும் கெடல. அடுத்தது டெல்லிங் டேல்ஸ், பல வருஷத்துக்கு முன்னாடி ஒரு பொண்ணைக் கொன்னதா உள்ள போட்டவ உண்மையிலேயே பண்ணலன்னு தெரிய வரும்போது எவ்வளவு லேட்டாயிடுச்சுங்கறது கதை, போலீஸ்காரங்க தங்களோட பழைய கேஸை தாங்களே நோண்டறப்ப டிபார்ட்மென்ட் எப்படி நெளியும்னு ரொம்ப அடக்கமா காட்டிருப்பாங்க. எனக்கு ரொம்பப் பிடிச்சது நாலாவது சீசன்ல வர்ற ஆன் ஹார்பர் ஸ்ட்ரீட், கூட்டமான மெட்ரோ ரயில்ல ஒரு வயசான அம்மா செத்துக் கிடப்பாங்க, அத்தனை பேர் நடுவுல யாரும் எதையும் பாக்கல. நானும் தெனமும் கூட்டத்துல நின்னுக்கிட்டே போறவதான், பக்கத்துல நின்னவங்க யாருன்னு கேட்டா எனக்குமே சொல்லத் தெரியாது, அந்த எபிசோட் பாத்ததுக்கப்புறம் கொஞ்ச நாளைக்கு எதிர் சீட்டுக்காரங்க மூஞ்சியெல்லாம் பாத்துக்கிட்டே போனேன்.

வீராவோட அப்பா ஹெக்டர். ஆள் உயிரோட இல்ல, ஆனா வீடு பூரா இருக்கார். பறவை முட்டைங்களைத் திருடி சேக்கற ஆளு, அது அந்த ஊர்ல சட்டப்படி குத்தம். திருட்டு வேலை பண்ற அப்பா வளத்த பொண்ணு போலீஸ் ஆனது, அந்தாளை வெறுக்கறது, ஆனா அவர் வீட்டை விட்டுப் போகாம அங்கயே கிடக்கறது, இதெல்லாம் சீரியல்ல யாரும் உக்காந்து விளக்கிச் சொல்றதில்ல. நடுநடுல ஒரு வரி வரும், அவங்க மூஞ்சி ஒரு நொடி மாறும், அப்புறம் கார் சாவியை எடுத்துட்டுக் கெளம்பிடுவாங்க. இந்த இடத்துல அடக்கமா எழுதிருக்காங்க.

அடுத்தது ஜோ ஆஷ்வொர்த், முதல் நாலு சீசன்ல கூட இருக்கற சார்ஜென்ட், டேவிட் லியோன் நடிச்சது. சின்னக் குழந்தைங்க இருக்கற குடும்பஸ்தன். ராத்திரி சாப்பாட்டு நேரத்துல வீரா போன் போட்டு இவனைக் கூப்பிடுவாங்க, கேஸுக்காகன்னு சொல்வாங்க, ஆனா பாதி நேரம் பேசறதுக்கு ஆள் வேணும்னுதான் கூப்பிடறாங்கன்னு அவனுக்கும் தெரியும், அவன் பொண்டாட்டிக்கும் தெரியும், வீராவுக்கும் தெரியும், யாரும் சொல்ல மாட்டாங்க. அம்மா புள்ளை பாசம்னு லேபிள் ஒட்டாம, வெறும் பாஸ் ஜூனியர்னும் விடாம நடுவுல ஏதோ ஒண்ணா அந்த உறவை வெச்சிருந்தது இந்த சீரியலோட ரெண்டாவது பெரிய பலம். 2014ல அவர் சீரியலை விட்டுப் போயிட்டார். 2015ல கென்னி டவுட்டி ஏய்டன் ஹீலிங்கற புது சார்ஜென்ட்டா வந்தார், நல்லாத்தான் நடிக்கறார், குறை சொல்ல முடியாது, ஆனா ஜோவுக்கும் வீராவுக்கும் நடுவுல ஒரு வலி இருந்துச்சே, அது இல்ல. இவர் வந்ததுக்கப்புறம் வீராவோட வீட்டு வாழ்க்கை சுருங்கி, கேஸ் மட்டும் மிச்சம் ஆயிடுச்சு. 13வது சீசன்ல ஜோ திரும்பி வருவார், பாத்ததும் எனக்கு சந்தோஷமா இருந்துச்சு, ஆனா நடுவுல போன வருஷமெல்லாம் போனதுதான்.

இப்ப குறைங்க. நெறையவே இருக்கு.

ஃபார்முலா. அஞ்சாறு எபிசோட் பாத்தாலே புடிச்சிடலாம். பாடி கிடைக்கும், ஒரு ஆளைப் பாத்துக் கேப்பாங்க, அவன் ஒண்ணும் தெரியாதும்பான், அரை மணி கழிச்சு போன் ரெக்கார்டோ சிசிடிவியோ வந்து அவன் பொய் சொன்னது தெரியும், திரும்பப் போய் ஏன் மொதல்லயே சொல்லலன்னு கேப்பாங்க, அவன் அழுதுட்டு வேற ஒருத்தனைக் கை காட்டுவான். இதே ரவுண்டு மூணு பேருக்கு. எட்டாவது சீசன் வாக்குல "ஏன் மொதல்லயே சொல்லல" சீன் வரும்போது எங்க வீட்ல நாங்களே சத்தமா சேந்து சொல்ல ஆரம்பிச்சிட்டோம்.

அப்புறம் டீமை நடத்தற விதம். கென்னி லாக்ஹார்ட்னு ஒரு பெரியவர், ஜான் மாரிசன் நடிச்சது, உக்காந்து ஊர்ல இருக்கற எல்லா சிசிடிவியையும் பாக்கற வேலை எப்பவும் அவருக்குத்தான். ஜூனியர் பொண்ணுங்க ஒண்ணு சொன்னா வெடுக்குன்னு ஒரு வார்த்தை. வீரா கேஸ் கண்டுபிடிக்கறாங்கங்கறதுக்காக அதை சீரியல் ஒரு செல்லக் குணம் மாதிரி காட்டுது. ஆஃபீஸ்ல அப்படி ஒரு பாஸ் கிட்ட வேலை பாத்தவங்களுக்கு அது செல்லமா இருக்காது, எனக்கு இல்ல. முதல் சீசன்கள்ல அதுக்கு ஒரு பதிலடி இருந்தது, ஜோ மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்குவான், ஒரு எபிசோட் பூரா அது ஓடும். பின்னாடி யாரும் எதிர்த்துப் பேசறதில்ல.

கடைசி பத்து நிமிஷம் பல எபிசோட்ல சொதப்பல். இவ்வளவு நேரம் உக்காந்து பேசி ஜெயிச்ச மனுஷியை திடீர்னு குன்று மேலயோ படகுத்துறைலயோ கொலைகாரன் முன்னால தனியா கொண்டு போய் நிறுத்துவாங்க, ஃபோர்ஸ் வர்றதுக்கு முன்னாடி. எழுபது வயசுக்காரங்களை எதுக்கு அங்க ஏத்தணும், நான் சொன்ன அந்த டேபிள் சீனே போதுமே. எடிட்டர் பயந்துட்டார்னு நெனைக்கறேன், பேச்சு மட்டும் போதாதுன்னு.

ஒரு விஷயத்துல மட்டும் சென்னைல உக்காந்து பாக்கற நமக்கு அட்வான்டேஜ். பிரிட்டன்காரங்களுக்கு கெஸ்ட் நடிகர் மூஞ்சியைப் பாத்தாலே தெரிஞ்சிடும், ஓ இவ்வளவு பெரிய நடிகரை ரெண்டு சீனுக்கா கூப்பிடுவாங்க, அப்ப இவர்தான் கொலைகாரர்னு. நம்ம படத்துலயும் அதே கதைதானே, தெரிஞ்ச மூஞ்சி ஒண்ணு சும்மா பக்கத்து வீட்டுக்காரரா வந்தா இடைவேளைக்கு முன்னாடியே முடிவு பண்ணிடுவோம். இங்க நமக்கு எல்லாரும் புது முகம், பால்காரரும் டாக்டரும் ஒரே வெயிட், அதனால உண்மையிலேயே யாருன்னு தெரியாம பாக்கலாம்.

சில பேர் இதை ஹெலன் மிரன் நடிச்ச ப்ரைம் சஸ்பெக்ட் கூட கம்பேர் பண்றாங்க. அது 1991, அதுல வர்ற ஜேன் டென்னிசனுக்கு கொலைகாரனைப் புடிக்கறதுக்கு முன்னாடி சொந்த ஸ்டேஷன் ஆம்பளைங்களோட சண்டை போடணும், முழு சீரியலும் அந்தச் சண்டைதான். இருபது வருஷம் கழிச்சு வந்த வீரால அந்தச் சண்டை கிட்டத்தட்ட முடிஞ்சு போச்சுங்கற மாதிரி எழுதிருக்காங்க, அவங்க பாஸ், எல்லாரும் கேக்கறாங்க, மேட்டர் ஓவர். எனக்கு இது ஒரு பக்கம் நிம்மதியா இருக்கு, இன்னொரு பக்கம் நம்பிக்கை வரல. நம்ம ஊரையே எடுத்துக்கோங்க, 1992ல ஆயிரம் விளக்குல மாநிலத்தோட முதல் மகளிர் காவல் நிலையம் வந்துச்சு, 2006ல லத்திகா சரண் சென்னை கமிஷனர் ஆனாங்க, 2010ல மாநிலத்துக்கே டிஜிபி. 1976ல அவங்களும் திலகவதியும் ஐபிஎஸ்ல சேந்தப்ப தமிழ்நாட்டு கேடர்ல பொம்பளை ஐபிஎஸ்ஸே அவங்கதான் முதல். அந்த நடுவுல இருக்கற முப்பது சொச்ச வருஷத்துல எத்தனை ரூம்ல எத்தனை பேர் ஒரு பொம்பளை ஆஃபீசருக்கு எழுந்து நிக்க யோசிச்சிருப்பாங்க. அந்தக் கதையை வீரா சொல்லவே இல்ல. அது வேணும்னா டென்னிசன்கிட்டதான் போகணும். யூனிஃபார்ம் போட்ட, கோபமான, தெருவுல இறங்கற போலீஸ்காரம்மா வேணும்னா சாரா லங்காஷயர் நடிச்ச ஹாப்பி வேலி, மூணே சீசன், அது உலுக்கி எடுத்துடும், ராத்திரி தூக்கம் போயிடும். வீராவைப் பாத்துட்டு தூங்கலாம்.

நம்ம தமிழ்ல ஏன் இப்படி ஒண்ணு வரலன்னு எனக்கு ஒரு ஆதங்கம் இருக்கு. வெப் சீரிஸ் நெறைய வருது, லேடி இன்ஸ்பெக்டரும் வர்றாங்க, ஆனா எல்லாரும் முப்பத்தஞ்சு வயசு, ஃபிட்டா இருப்பாங்க, பேக்ஸ்டோரில ஒரு பெரிய அதிர்ச்சி இருக்கும். அறுபது வயசு நடிகைக்கு நாம குடுக்கறது அம்மா வேஷம், மாமியார் வேஷம், ரெண்டுலயும் அழணும். நம்ம கிட்ட நடிகைங்க இல்லாமயா, ஒரு கசங்கின காட்டன் புடவை, ஒரு ஜோல்னாப் பை, பழைய ஸ்கூட்டர், வியாசர்பாடில இருந்து திருவொற்றியூர் வரைக்கும் விசாரிச்சுட்டே போற ஒரு எஸ்ஐ அம்மா. எழுதத் தெரிஞ்சவங்க யாராவது எழுதுங்கப்பா, எங்க பெரியம்மாவை டெக்னிகல் அட்வைசரா அனுப்பறேன், சம்பளம் வேண்டாம், ஃபில்டர் காபி போதும்.

பாக்கறவங்களுக்கு ரெண்டு மூணு விஷயம். எந்த ஓடிடில இருக்குங்கறது அப்பப்ப மாறுது, தேடிப் பாத்துட்டு சப்ஸ்கிரிப்ஷன் கட்டுங்க. சப்டைட்டில் கட்டாயம் போடுங்க, கெத்து காட்டாதீங்க. முதல் நாலு சீசனை வரிசையா பாருங்க, ஏன்னா ஜோவும் ஹெக்டரும் அதுல கொஞ்சம் கொஞ்சமா வளர்ற கதை. அஞ்சுல இருந்து பன்னண்டு வரைக்கும் எதை வேணா எடுத்துப் போடலாம், ஞாயித்துக்கிழமை மத்தியானம் சாப்பிட்டு சாஞ்சுக்கிட்டு பாக்க நல்லா இருக்கும், விட்டாலும் ஒண்ணும் போகாது. அப்புறம் நேரா கடைசிக்கு வந்துடுங்க, 2025 புத்தாண்டு அன்னிக்கும் மறுநாளும் போட்ட ரெண்டு எபிசோட். ரெண்டாவது தி டார்க் வைவ்ஸ், 2024ல வந்த நாவல்ல இருந்து எடுத்தது. முடிவை நான் சொல்லல, பிளெத்தின் அதுல ஒரு இடத்துலயும் ஓவரா பண்ணலங்கறதை மட்டும் சொல்றேன், பதினாலு வருஷ கேரக்டருக்கு விடை குடுக்கறப்ப வேற யாரா இருந்தாலும் அழுது தீத்திருப்பாங்க.

படிக்கற பழக்கம் இருக்கறவங்க நாவலையும் எடுக்கலாம், மொத்தம் 11 வந்திருக்கு. ஆனா நாவல்ல வர்ற வீரா நல்லா ஆஜானுபாகுவான பொம்பளை, தோல்ல எக்சிமா, கால்ல செருப்பு, இன்னும் கரடுமுரடு. பிளெத்தினோ சின்ன உருவம். மொதல்ல சீரியல் பாத்துட்டு புக்குக்குப் போறவங்க கொஞ்ச பக்கத்துக்கு இது வேற யாரோன்னு திணறுவீங்க, அதுக்கப்புறம் அந்தக் குரல் உள்ள கேக்க ஆரம்பிச்சிடும். பெரியம்மாவுக்கு நான் இப்ப முதல் நாவலான தி க்ரோ ட்ராப்பை ஒவ்வொரு சாப்டரா தமிழ்ல சொல்லிக்கிட்டிருக்கேன், பாதி கூட தாண்டல, அதுக்குள்ள ரெண்டு பேரை அவங்க அரெஸ்ட் பண்ணிட்டாங்க.